கடைசி ரீல்

டிக்கெட் கவுண்டரின் ஓட்டை
ஒரு கை நுழையும் அளவு.
குடியாத்தத்துக்கு என்னை
மணிக்கட்டு வரைக்கும் தெரியும்.
அதற்கு மேலே உள்ளவளுக்கு
ஊரே வசனம் எழுதிக்கொண்டது.

புருஷனை விட்டு வந்தவள்.
வந்தேன். அடித்தான்.
அதைச் சொன்னால் அடுத்த வரி கேட்பார்கள்:
எதுக்கு அடிச்சான்?

பைப்படியில் என் குடம் உட்கார்ந்த கல்லை
மூன்று தரம் கழுவிவிட்டுத்
தன் குடத்தை வைக்கும் தெய்வானை,
மேட்னிக்கு என் உள்ளங்கையில்தான்
அறுபது காசை அழுத்துவாள்.
காசுக்குத் தீட்டில்லை.

கமலவேணி டாக்கீஸில் அந்தப் படம்
நாற்பத்திரண்டு நாள் தாண்டிவிட்டது.
நான் பார்த்ததில்லை, கேட்டிருக்கிறேன்.
என் முதுகுக்குப் பின்னால் சுவர்,
சுவருக்குப் பின்னால் அவள்.

பெரிய வீட்டுப் பிள்ளை ஏமாற்றுகிறான்.
அவள் பிழைக்க ஆடுகிறாள்.
கைதட்டிய ஊர் வெளியே வந்து காறித் துப்புகிறது.
பிறகு அவன் திருந்துகிறான். திருந்தியவனுக்கு
மஞ்சள் முகத்தில் வேறொருத்தியைப் பார்க்கிறார்கள்.
இரண்டு மணி முப்பத்தைந்தாவது நிமிஷம்
அவனுக்கு வந்த குண்டை இவள் வாங்கிக்கொள்கிறாள்.
உயிர் போகிற நேரத்தில்தான்
அவன் அம்மாவுக்கு வாய் வருகிறது: மருமகளே.

தீப்பெட்டி ஆபீஸ் பெண்கள், பீடி சுற்றும் பெண்கள்
சுவர் ஊறிப்போகும்படி அழுவார்கள்.
நான் நாலணாக்களை அடுக்குவேன்.
நாளுக்கு மூன்று சாவு.
ஞாயிற்றுக்கிழமை நாலு.

பெட்டி ஒன்று, தியேட்டர் இரண்டு.
ஆற்றுக்கு அந்தப் பக்கம் ஓடி முடிந்த ரீலை
தஸ்தகீர் சைக்கிளில் கொண்டுவருவான்.
கவுண்டன்யா ஆற்றில் மணல்தான் ஓடும்.
அன்றைக்கு மோர்தானா பக்கம் என்ன மழையோ,
தரைப்பாலமே காணோம்.
பாலத்துக்கு அந்தப் பக்கம்
தஸ்தகீர், சைக்கிள், கடைசி ரீல்.

திரை வெள்ளையாய் நின்றது.
ஆண்கள் விசிலடித்து, பெஞ்சை உதைத்து,
பாதிக் காசை வாங்கிக்கொண்டு போனார்கள்.
பெண்கள் மழைக்கு ஒதுங்கி
என் ஓட்டைக்கு முன்னால் நின்றார்கள்.

"ஏம்மா டிக்கெட்டு, கடைசியில இன்னா ஆவுது?"

நூற்றுச் சொச்சம் தடவை கேட்டவள் நான்.
குண்டு என் நாக்கு நுனி வரைக்கும் வந்தது.
"நான் பார்த்ததில்லை" என்றேன்.
பொய்யும் இல்லை.

"செத்துடுவா. வேற இன்னா?"
"ஏன் சாவணும்? ஏமாத்துனது அவன்."
"ஆட்டம் தெரிஞ்சவ, சோத்துக்கு இன்னா பஞ்சம்?"
"அவனக் கட்டிக்கவும் வேணாம். மூஞ்சியப் பாரு!"
குச்சி மருந்து ஒட்டிய விரல்களால்
வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள்.
பவுனு மட்டும் சிரிக்காமல் சொன்னாள்:
"அவ வேலூருக்கு பஸ் ஏறிட்டா."
"எந்த பஸ்ஸு?"
"கடைசி பஸ்ஸு."
தெய்வானை ஒன்றும் சொல்லவில்லை,
முந்தானையைப் பிழிந்துகொண்டிருந்தாள்.

மறுநாள் ஆறு வடிந்தது.
பெட்டியைத் தன் சட்டையால் சுற்றி,
வெறும் உடம்போடு தஸ்தகீர் வந்தான்.
மேட்னியில் அவள் வழக்கம்போலச் செத்தாள்.

ஞாயிற்றுக்கிழமை அவர்கள் திரும்ப வந்தார்கள்.
எல்லாக் கையும் எனக்குத் தெரியும்.
கடைசி ரீல் ஏறுகிற நேரம்
பெண்கள் பக்கத்துக் கதவு திறந்தது.
ஒன்று, இரண்டு, பதினொரு பேர்.
கேட்டில் மாசிலாமணி பதறினான்:
"இன்னும் முடியலம்மா, ஒரு ரீல் கீது!"
"இருக்கட்டும்" என்றாள் பவுனு.
"பஸ்ஸுக்கு நேரமாச்சு."

அவர்கள் வீடெல்லாம் அடுத்த தெருவில்.

தெய்வானை உள்ளேயே இருந்துவிட்டாள்.
குண்டு வெடித்தது.
சுவருக்குப் பின்னால்
ஒரே ஒரு ஆள் அழுகிற சத்தம்.
நாலணாக்களைக் கலைத்துவிட்டு
முதலிலிருந்து எண்ணினேன்.